ஒரு வருடம் பின்னால் தள்ளிய தேதி

மலேசியாவின் உலு திராமில் கணினி பழுதுபார்க்கும் எனக்கு அப்போது கொஞ்சம் தலைக்கனம் இருந்தது. கோயில் அலுவலகத்தில் பஞ்சாங்க மென்பொருளின் உரிமம் முடிந்து, திறக்க மறுத்தது. புதுப்பிக்க வேண்டுமென்றால் நிர்வாகக் குழு கூடிப் பேச வேண்டும். அதற்கெல்லாம் எனக்கு ஏது பொறுமை? கணினியின் தேதியை ஒரு வருடம் பின்னால் தள்ளினேன். மென்பொருள் ஏமாந்து திறந்துகொண்டது.

"அவ்வளவுதான் லா," என்றேன் கோயில் கணக்கெழுதும் கிராணியிடம்.

அங்கே காத்திருந்த ஓர் ஆன்ட்டி, தன் கணவரின் திதி இந்த வருடம் என்றைக்கு வருகிறது என்று கேட்டார். கிராணி வாய் திறப்பதற்குள் நானே கணவர் இறந்த நாளைக் கேட்டுத் தட்டி, திரையில் வந்த தேதியைப் படித்தேன். ஆன்ட்டி ஒரு தாளில் குறித்துக்கொண்டார். கணினிக்கு அது போன வருடம் என்பது எனக்கு உறைக்கவே இல்லை.

சில வாரங்கள் கழித்துக் கிராணி கூப்பிட்டார். கணினிக் கடிகாரம் தவறு, சரிசெய்யவும் என்று சொல்லி மென்பொருள் நின்றுவிட்டதாம். போனால், அதே ஆன்ட்டி. பக்கத்தில் வேட்டி கட்டிய மகன், சிங்கப்பூர் வேலைக்கு ஒருநாள் லீவு போட்டு அப்பாவுக்குத் திதி கொடுக்க வந்தவர். குருக்கள் பஞ்சாங்கப் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

"திதி முடிஞ்சு பதினோரு நாளாச்சும்மா. வர்ற அமாவாசைக்குக் குடுத்துக்கலாம்."

"எனக்கு இன்னைக்கு மட்டுந்தான் லீவு. ஒரு தேதியக்கூட ஒழுங்கா கேட்டு எழுத மாட்டீங்களாம்மா?" என்றார் மகன்.

"நாந்தான் தப்பா எழுதிட்டேன்போல," என்றார் ஆன்ட்டி. கையிலிருந்த எள் பொட்டலத்தை மெல்லப் பைக்குள் வைத்தார்.

நான் படித்துச் சொன்னது போன வருடத் திதியின் தேதி என்று அப்போதுதான் உறைத்தது. நான்தான் தப்பு செய்தேன் என்று சொல்ல எவ்வளவு நேரமாகும்? கிராணியும் குருக்களும் என்ன நினைப்பார்களோ என்றுதான் புத்தி போனது. திரையைப் பார்த்தபடி தேதியைச் சரிசெய்தேன். உரிமம் முடிந்துவிட்டது என்ற செய்தி வந்தது. "இனிமே புதுப்பிச்சாதான் ஓடும்," என்று கிராணியிடம் மட்டும் சொன்னேன்.

கிளம்பும்போது ஆன்ட்டி என்னிடம் வந்தார்.

"அடுத்த வருசம் நீங்களே பாத்து எழுதிக் குடுங்க தம்பி. நான் எழுதினா இப்படித்தான் ஆகுது."

சரி என்று தலையாட்டினேன். அவர் என் கையைப் பிடித்து நன்றி சொன்னார்.