தண்ணீர் ஆறும் வரை

அத்தான் கேத்திலைத் தூக்கி, கொதித்த தண்ணீரை நான்கு சின்னக் கிண்ணங்களில் ஊற்றினார். ஒவ்வொன்றாகக் கையில் எடுத்து ஒருமுறை சுழற்றினார். பிறகு நான்கையும் முற்றத்து மணலில் கவிழ்த்தார். மணல் அதை ஒரு நொடியில் குடித்துவிட்டது. "கிண்ணம் முதல்ல சூடாக வேணும், பிள்ளை. அதுதான் அவையின்ர முறை" என்று என்னைப் பார்த்துச் சிரித்தார். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. நயினாதீவில் எங்கள் வளவுக் கிணறு உவர்க் கிணறு. குளிக்கலாம், துவைக்கலாம். அந்தத் தண்ணீரில் தேத்தண்ணி போட்டால் பால் திரைந்துவிடும், வாய் கரிக்கும். நல்ல தண்ணீருக்கு அரை மைல் நடக்க வேண்டும். விடியப் போய் வரிசையில் நின்று, இடுப்பில் ஒரு குடமும் கையில் ஒரு வாளியுமாக, மணலில் கால் புதையப் புதைய நான் சுமந்து வந்த தண்ணீர் அது. கொரியாக்காரரின் முறைக்காக அதை மண்ணில் கொட்டிவிட்டு மனிதர் சிரிக்கிறார்.

அத்தான் என் அக்காவின் புருஷன். கப்பலில் எஞ்சின் அறையில் வேலை பார்த்தவர். எங்கள் தாய் தகப்பன் இருவரும் போன பிறகு நான் அக்காவோடுதான் இருந்தேன். அவர்களுக்கு இரண்டு பெண் பிள்ளைகள். எண்பத்துநாலாம் ஆண்டு நடுப்பகுதியில், வழக்கமாக வரும் காலத்துக்கு நாலைந்து மாதம் முன்னதாகவே, ஒரு பெட்டியோடு வந்து இறங்கினார். மற்றத் தடவைகளில் சேலை, சவர்க்காரம், பிள்ளைகளுக்குச் சப்பாத்து என்று பெட்டி வாய் மூடாது. இந்த முறை அதற்குள் அவருடைய உடுப்புகளும், ஒரு தகர டப்பாவில் பச்சைத் தேயிலையும், கடதாசியில் சுற்றிய நான்கு கிண்ணங்களும் மட்டும்தான். "கொம்பனியில மூண்டு மாதம் லீவு தந்திருக்கிறாங்கள்" என்றார். நாங்களும் நம்பினோம்.

அன்றைக்குத் தொடங்கியது கொரியா. ஏதோ ஒரு துறைமுகத்தில் கப்பல் திருத்த வேலைக்காக நின்றபோது, மாலுமிகள் விடுதிக்காரர் ஆட்களை பஸ்ஸில் ஏற்றித் தேயிலைத் தோட்டம் காட்ட ஒருநாள் சுற்றுலா கூட்டிப்போனார்களாம். அந்த ஒரே ஒரு நாளை அத்தான் இரண்டு வருடம் சொன்னார். வழிகாட்டி ஒரு பெண். மஞ்சள் தொப்பி, கையில் சின்னக் கொடி, கழுத்தில் விசில். பஸ்ஸால் இறங்கினால் இரண்டு பக்கமும் நெட்டையான மரங்கள் அணிவகுத்து நிற்கும் பாதை. அதைக் கடந்தால் மலை. அடியிலிருந்து உச்சி வரை தேயிலைச் செடி, ஈரத் தலையைச் சீப்பால் வாரின மாதிரி வளைந்து வளைந்து வரிசையாக. சித்திரை மழைக்கு முன்னால் கிள்ளுகிற கொழுந்துக்குத்தான் பெரிய மதிப்பு. அதைப் பெரிய இரும்புத் தாச்சியில் போட்டு, கைக்கு நூல் உறை மாட்டிக்கொண்டு வறுப்பார்கள். பிறகு பாயில் கொட்டிக் கையால் உருட்டுவார்கள். திரும்ப வறுப்பார்கள். சீனியும் இல்லை, பாலும் இல்லை. இதெல்லாம் எனக்கு இன்றும் பாடம். தபால்காரர் வந்தாலும், ஓலை வெட்ட ஆள் வந்தாலும், கோயில் ஐயர் குடை பிடித்துக்கொண்டு வந்தாலும் அத்தான் விடமாட்டார். கையில் ஓர் ஈர்க்கை எடுத்துக்கொண்டு முன்னால் நடப்பார். பின்வளவுப் பனைகளுக்கு நடுவே வந்தவரை நிறுத்தி, "இதுதான் அந்த மரப் பாதை எண்டு வைச்சுக்கொள்ளுங்கோ" என்று தொடங்குவார்.

எங்கள் நாட்டிலேயே தேயிலை மலை இருக்கிறது. ஆனால் எங்கள் தீவில் அதைக் கண்டவர்களை விரல் விட்டு எண்ணலாம். சங்கக்கடையில் கடதாசிச் சுருளில் தரும் தூள்தான் எங்களுக்குத் தேயிலை. சீனி இல்லாத நாளில் ஒரு துண்டுப் பனங்கட்டியைக் கடித்துக்கொண்டு குடிப்போம். அத்தானின் தேத்தண்ணியோ வெளிர் பச்சையாக, புல் அவித்த தண்ணீர் போல இருக்கும். ஐயர் மரியாதைக்கு ஒரு வாய் குடித்துவிட்டு, "உடம்புக்கு நல்லதெண்டு தெரியுது" என்று கிண்ணத்தை மெல்லத் தள்ளி வைத்தார். அத்தானுக்கு அது விளங்கவே இல்லை.

மூன்று மாத லீவு ஆறு மாதமாகி, ஒரு வருடமாகியது. கொம்பனியிடமிருந்து கடிதம் இல்லை. குறிகட்டுவான் துறையிலிருந்து லோஞ்சுப் படகு வரும் நேரம் அக்கா வாசலில் நிற்பாள். தபால்காரர் எங்கள் படலையைக் கடந்து போகும்வரை நின்றுவிட்டு உள்ளே வந்து தையல் மெசினில் இருப்பாள். ஊராருக்குச் சட்டை தைத்துத்தான் அப்போது வீடு ஓடியது. யாழ்ப்பாணத்துக்குப் போய் நான் படித்துக்கொண்டிருந்த தட்டெழுத்து வகுப்பும் நின்றது. "இஞ்சருங்கோ, கொழும்புக்குப் போய் ஒருக்கா விசாரிச்சால் என்ன?" என்று அக்கா கேட்டால் அத்தான் நிலத்தைப் பார்ப்பார். அக்கம்பக்கத்தார் அவருக்காகப் பதில் சொல்வார்கள்: "எண்பத்துமூண்டுக் கலவரத்துக்குப் பிறகு கொழும்புப் பக்கம் போக ஆருக்குத் துணிவு வரும், பிள்ளை?" அது பொய்யுமில்லை. போனவர்கள் எப்படித் திரும்பினார்கள் என்று நாங்கள் கண்டவர்கள். அதற்கிடையில், படகில் போன சனத்தை நடுக்கடலில் வெட்டிப் போட்ட பிறகு, கடலில் கால் வைக்கவே சனம் பயந்த காலமும் வந்தது. ஆகவே ஒருவரும் அவரைக் குறை சொல்லவில்லை. எனக்கு மட்டும் உள்ளுக்குள் அரித்துக்கொண்டே இருந்தது. பயந்த மனிதரின் முகம் எனக்குத் தெரியும். அத்தானின் முகத்தில் இருந்தது பயம் இல்லை. அது என்னவென்று பிடிபடவில்லை. கேட்டுப் பிடிக்கலாம் என்றால் கேட்ட வாய் மூடுமுன் கொரியா தொடங்கிவிடும்.

எண்பத்தாறு ஆனியில் அம்மன் கோயில் திருவிழாவுக்கு வந்த கூட்டத்தோடு கரம்பொனிலிருந்து ஒருவர் எங்கள் வீடு தேடி வந்தார். அத்தானோடு ஒரே கப்பலில் வேலை செய்தவர். அத்தான் அப்போது அன்னதான மடத்தில் சோறு பரிமாறப் போயிருந்தார். வந்தவரைக் கதிரையில் இருத்தி, அக்கா தேத்தண்ணி கொடுத்தாள். அவர் ஒரு வாய் குடித்துவிட்டு, துக்கம் விசாரிக்கிற குரலில் சொன்னார்.

"அண்ணையை விட்டிட்டுக் கப்பல் வெளிக்கிட்டது எங்களுக்கும் பெரிய மனவருத்தம், அக்கா. கப்டனிட்ட எவ்வளவோ கெஞ்சிப் பாத்தனாங்கள்."

"எங்க விட்டிட்டு?" என்றாள் அக்கா.

"அந்தத் தேயிலைத் தோட்டத்திலதான்." அவர் எங்கள் இருவரின் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். "அண்ணை சொல்லேல்லையோ?"

பாதியில் நிறுத்த அவருக்கு வழியில்லை. நாங்கள் விடவும் இல்லை. மூன்றரைக்கு பஸ் வெளிக்கிட வேண்டும் என்று காலையிலேயே சொல்லியிருந்தார்களாம். வழிகாட்டிப் பெண் விசில் ஊதித் தலை எண்ணினால் ஓர் ஆள் குறைவு. பத்து நிமிடம் பார்த்துவிட்டு பஸ்ஸை எடுத்துவிட்டார்கள். அவருடைய பெட்டியை விடுதிக்காரரிடம் இறக்கி வைத்துவிட்டு மறுநாள் விடியக் கப்பல் புறப்பட்டது. மத்தியானம்தான் அத்தான் வந்து சேர்ந்தாராம், வெறும் கடலைப் பார்க்க; பிறகு விடுதிக்காரர் சொல்லித்தான் அது இவர்களுக்குத் தெரியும். கப்பலை விட்டு ஓடியவர் என்று அவருடைய மாலுமிப் புத்தகத்தில் எழுதியாகிவிட்டது. இனி அந்தக் கொம்பனி என்ன, எந்தக் கொம்பனியும் எடுக்காது. வந்தவர் மிச்சத் தேத்தண்ணியைக் குடிக்காமலே எழும்பிப் போனார்.

அத்தான் நெற்றி நிறையத் திருநீறோடு வந்தார். எங்கள் முகத்தைப் பார்த்ததும் விளங்கிவிட்டது. அக்கா சத்தம் போடவில்லை. "ஏன் அந்த பஸ்ஸில ஏறேல்ல?" என்று மட்டும் கேட்டாள். அவர் குசினிப் படியில் இருந்தார்.

"தேயிலை வறுத்துக்கொண்டு நிண்ட மனிசி ஒண்டு கையைக் காட்டிக் கூப்பிட்டுது. நான் கனநேரம் நிண்டு பாத்தது அதுக்குப் பிடிச்சுப்போச்சு போல. வீடு கிட்டத்தான். போய் இருந்த உடன கேத்திலை அடுப்பில வைச்சிட்டுது. கேத்திலை வைச்சாப் பிறகு எழும்பி வாறதோ? இஞ்ச ஆரும் அப்பிடி வருவினமோ?"

வரமாட்டோம்தான். அப்படி எழும்பி வந்தால் இரண்டு வீட்டுக்கும் பேச்சு வார்த்தை அறுந்துபோகும். ஆனால் அதை ஒப்புக்கொள்ளும் நிலையில் நான் இல்லை.

"கொதிச்சுது. இனி ஊத்தித் தரும், மளமளவெண்டு குடிச்சிட்டு ஓடுவம் எண்டு பாத்தால், அது கொதிதண்ணியை ஒரு சட்டிக்குள்ள ஊத்தி வைச்சிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு இருக்குது. சூடு கூடினால் அந்தத் தேயிலை கைச்சுப்போமாம். ஆற வேணும். நானும் பாத்துக்கொண்டிருந்தனான். விசில் கேட்டது."

"கேட்டும் இருந்தனீங்களோ?" என்றேன்.

"நிப்பாங்கள் எண்டு நினைச்சனான், பிள்ளை. எங்கட லோஞ்சு நிக்கிறேல்லையோ? கரையில ஆரும் குடையை ஆட்டினால் திருப்பிக்கொண்டு வந்து ஏத்துறேல்லையோ?"

அதுவும் உண்மை. எங்கள் லோஞ்சுக்காரர் ஆட்டுக்குட்டியோடு ஓடிவந்த ஒரு மனிசிக்காகப் பாதிக் கடலிலிருந்து திரும்பி வந்ததை நானே கண்டிருக்கிறேன். கொரியாவில் ஓடுகிற பஸ்ஸையும் அந்தக் கணக்கில் வைத்த மனிதரை என்ன செய்வது? இரண்டு வருடமாக அடக்கியதெல்லாம் எனக்கு வாயில் வந்தது. "எங்கட சாப்பாட்டில மண் விழுந்த நாளெல்லோ அது! அதையோ இவ்வளவு காலமும் வாற போற ஆளெல்லாத்தையும் பிடிச்சு வைச்சுப் புளுகிக்கொண்டிருந்தனீங்கள்?" என்று கத்தினேன். அத்தானுக்கு முன்னால் நான் குரல் உயர்த்தியது அதுதான் முதல் தடவை.

அவர் கோபப்படவில்லை. "ஓம் பிள்ளை. அந்த ஒரு நாளுக்கு நான் எல்லாத்தையும் குடுத்திட்டன். அது நல்ல நாள் இல்லையெண்டும் சொன்னால் என்னட்ட வேற என்ன கிடக்கு?" என்றார்.

என் கோபம் போகவில்லை. இப்போது நினைத்தாலும் அந்தப் பதிலால் என்னை வாயடைக்கச் செய்ததற்காகவே அவர் மேல் ஆத்திரம் வருகிறது. அக்கா எழும்பித் தையல் மெசினுக்குப் போனாள். அன்றிலிருந்து அவள் அத்தான் போடும் அந்தத் தேத்தண்ணியைத் தொட்டதில்லை. டப்பாவில் மிச்சமிருந்த தேயிலையை அவர் கிள்ளிக் கிள்ளிச் செலவழித்தார். ஒவ்வொரு முறையும் அக்காவுக்கும் ஒரு கிண்ணம் ஊற்றி மெசினுக்குப் பக்கத்தில் வைப்பார். அது அப்படியே கிடந்து, ஈ விழுந்து, பின்னேரம் நான் எடுத்துக் கழுவுவேன். ஒருநாள் அக்கா என்னிடம் மட்டும் சொன்னாள்: "தேயிலை மலையுமில்லை, மனிசியுமில்லை. உதெல்லாம் கட்டுக்கதை. எங்கயோ குடிச்சிட்டு விழுந்து கிடந்திருப்பார்." நானும் பாதி அப்படித்தான் நினைத்தேன். ஒன்றை மறைத்தவர் மற்றதையும் ஏன் புனைந்திருக்கக்கூடாது?

தொண்ணூறில் சண்டைக்குப் பயந்து தீவை விட்டு யாழ்ப்பாணம் போனோம். தொண்ணூற்றைந்தில் அங்கிருந்தும் ஓடினோம். வன்னியில் யாரோ ஒருவருடைய வளவில் போட்ட கொட்டிலில், மழைக்காலத்தில், காய்ச்சல் வந்து மூன்றாம் நாள் அத்தான் போய்விட்டார். அக்கா செய்ய வேண்டியதெல்லாம் செய்தாள். அவரைப் பற்றி ஒரு குறையும் சொன்னதில்லை, ஒரு நல்ல வார்த்தையும் சொன்னதில்லை. இப்போது மூத்த மகளோடு கனடாவில் இருக்கிறாள்.

போன வருடம் சித்திரையில், கொரியாவில் வேலை பார்க்கும் என் மகனிடம் போயிருந்தேன். அத்தான் சொன்ன அடையாளங்களை வைத்து அவன் அந்தத் தேயிலைத் தோட்டத்தைத் தேடிக் கண்டுபிடித்து, ஒருநாள் சுற்றுலாவுக்கு எனக்கு பஸ்ஸில் இடம் பிடித்துத் தந்தான். நான்தான் கேட்டேன். எதற்கென்றால், அந்த இடம் சும்மா ஒரு மேட்டு நிலம், அதற்காகவா ஒரு மனிதர் குடும்பத்தைத் தெருவில் விட்டார் என்று என் கண்ணால் கண்டு சொல்ல வேண்டும். முப்பது வருடத்துக்கு மேலாக மனதில் கிடந்த ஆசை அது. வழிகாட்டிப் பெண் விடியத் தொடக்கம் ஒலிவாங்கியை வாயிலிருந்து எடுக்கவில்லை. மலைக்கு நாற்பது நிமிடம், தேத்தண்ணிக்குப் பதினைந்து நிமிடம் என்று பிள்ளைகளை மேய்ப்பதுபோல எங்களை மேய்த்தாள். நல்லது, இன்னும் எரிச்சல் மூட்டு என்று நினைத்துக்கொண்டேன். பஸ்ஸால் இறங்கினேன். இரண்டு பக்கமும் அந்த மரங்கள் நின்றன. அதற்கப்பால் அந்த மலை. அவர் சொன்னதில் ஒரு சொல்லும் மிகையில்லை. உச்சியில் நின்று பார்த்தால் தூரத்தில் ஒரு கீற்றாகக் கடலும் தெரிகிறது. அதை மட்டும் அத்தான் ஒருநாளும் சொன்னதில்லை.

தேத்தண்ணி தரும் இடத்தில் ஒரு பெண் என் முன்னால் கிண்ணங்களைச் சூடாக்கி, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, கொதிநீரை ஒரு சட்டியில் ஊற்றி வைத்துக் கையைக் கட்டிக்கொண்டு இருந்தாள். நானும் பார்த்துக்கொண்டிருந்தேன். ஆறவே இல்லை. வழிகாட்டி வாசலில் நின்று கொடியை ஆட்டினாள். நான் குடிக்காமலே எழும்பிவிட்டேன். அந்தப் பெண்ணின் முகம் வாடியதைக் கண்டும் நிற்காமல், செருப்பைச் சரியாக மாட்டாமல், பஸ்ஸுக்கு ஓடினேன். ஏறி இருந்த பிறகு எனக்கு வந்த ஆத்திரம் யார்மேல் என்று எனக்கே தெரியவில்லை. பஸ் கிளம்ப இன்னும் ஏழு நிமிடம் இருந்தது.

அறைக்கு வந்து அக்காவுக்கு ஃபோன் எடுத்தேன். ஒன்றுமே இல்லாத இடம் என்று சொல்லிவிடலாமா என்று அப்போதும் நினைத்தேன். அவளுக்கு அது லேசாக இருந்திருக்கும்.

"மலை கிடக்கோ?" என்றாள்.

"கிடக்கு."

"அந்த மரப் பாதை?"

"கிடக்கு, அக்கா. ரெண்டு பக்கமும் மரம்."

"தண்ணியை உண்மையா ஆற வைக்கிறவையோ?"

"ஓம். ஆறும்வரைக்கும் பாத்துக்கொண்டிருக்கினம்."

தொடர்பு அறுந்துவிட்டது என்று நினைத்து, "அக்கா, அக்கா" என்று இரண்டு தடவை கூப்பிட்டேன்.

"அவர் ஊத்தி வைச்சதை ஒரு நாளாவது எடுத்துக் குடிச்சிருக்கலாம்" என்றாள் அக்கா.