ஆதிலட்சுமி படிக்காமல் விட்ட முடிவு

சொக்கம்மாள் வீட்டுக் கூடத்தில் விதைக்கான நிலக்கடலையை, அந்த ஊர்ப் பேச்சில் மல்லாட்டையை, உடைக்க உட்கார்ந்திருந்த பெண்கள் அத்தனை பேரும் கை ஓய்ந்து கனகாவின் வாயையே பார்த்தார்கள். கனகா சொக்கம்மாளின் மருமகள், அந்தத் தை மாசம்தான் வீட்டுக்கு வந்தவள், பத்தாவது வரைக்கும் படித்தவள். வழக்கமாகத் தான் எழுதின கதையைத் தானே படிக்கிற ஆதிலட்சுமி, அதாவது சொக்கம்மாளின் நாத்தனார், காய்ச்சலில் உள்ளறையில் படுத்துக் கிடந்தாள். இன்றைக்கு ஒரு நாள் நீ படி என்று சொக்கம்மாள்தான் புத்தகத்தை எடுத்து மருமகள் கையில் கொடுத்தாள்.

கனகா பாவம், தாளில் என்ன இருந்ததோ அதைப் படித்தாள். பல்லவ ராஜாவின் குதிரைக் கொட்டடியில் செங்கோதை நிற்கிறாள். கடல்மல்லைத் துறைமுகத்தில் இறங்கின குதிரைகளைப் பழக்குகிறவள் அவள். கோயிலில் ஆடுகிற நீலவேணி அழுதுகொண்டு ஓடி வருகிறாள். செங்கோதை தன் சேலைத் தலைப்பால் அவள் முகத்தைத் துடைத்து, நெற்றியில் முத்தம் வைத்து, உன்னைத் தவிர எனக்கு வேறு துணை இந்தப் பிறவியில் இல்லை என்கிறாள்.

கோவிந்தம்மாளுக்குத்தான் முதலில் வாய் வந்தது. "யாரும்மே அது செங்கோதை? நம்ம செங்கோடனோட தங்கச்சியா?"

கனகா முன்னும் பின்னும் பக்கத்தைப் புரட்டினாள். "செங்கோடன்னு இதுல யாருமே இல்லியே. குதிரைக்காரி செங்கோதைதான் கீறா. மொதப் பக்கத்துலேர்ந்து அவதான்."

சொக்கம்மாளுக்கு உச்சந்தலையில் யாரோ குடத்துத் தண்ணீரைக் கவிழ்த்தது போல் ஆயிற்று. செங்கோடன் இல்லையா? ஆதி படிக்கப் படிக்க, மீசையை முறுக்கிக்கொண்டு, வெள்ளைக் குதிரை மேல் ஏறிக்கொண்டு, இந்தக் கூடத்திலேயே போன வருஷமெல்லாம் வாழ்ந்தவன் இல்லையா? கோவிந்தம்மாள் தன் பேரனுக்கே அந்தப் பெயரை வைத்துவிட்டாளே. அவள் இப்போது மடியில் இருந்த மல்லாட்டையைக் கீழே கொட்டிவிட்டு, இரண்டு கையையும் தலையில் வைத்துக்கொண்டாள். "ஐயோ, பொம்பளை பேரையா எம் பேரனுக்கு மாத்தி வச்சிக்கினு கீறேன்" என்றாள். சிரிக்க வேண்டிய பேச்சுதான். யாரும் சிரிக்கவில்லை. ஒருத்தி எழுந்தாள், அவள் பின்னாலேயே இன்னொருத்தி. கொஞ்ச நேரத்தில் கூடத்தில் தோலும் பருப்பும்தான் கிடந்தன.

இந்தப் படிக்கிற ஏற்பாடே சொக்கம்மாள் செய்ததுதான். விதைக்கு எடுக்கிற மல்லாட்டையை மிஷினில் போட முடியாது. பருப்பின் மேல்தோல் கொஞ்சம் கிழிந்தாலும் முளைக்காது. கையால்தான் உடைக்க வேண்டும். உடைக்கிற கை சும்மா இருக்குமா, இரண்டு பருப்பு முறத்துக்கு, ஒரு பருப்பு வாய்க்கு. வாயை மூடு என்று கூலிக்கு வந்தவளிடம் சொன்னால் மறுநாள் வரமாட்டாள். சொக்கம்மாள் யோசித்தாள். ஆதி எழுதுகிற கதையைப் படிக்கச் சொன்னால், கதை கேட்கிற வாய் தின்ன மறந்துவிடும். அப்படியே நடந்தது. சாலவாக்கம் பக்கம் இருந்தெல்லாம் அந்த வீட்டு மல்லாட்டை உடைக்கப் பெண்கள் வந்தார்கள்.

ஆதிலட்சுமி கதை எழுத வந்தது தனிக் கதை. திண்டிவனத்தில் கட்டிக்கொடுத்த இடத்தில் ஒரு வருஷம்கூட அவள் இருக்கவில்லை. இவள் கல்லு மாதிரி இருக்கிறாள் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். அண்ணன் வேதாசலம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அண்ணி சொக்கம்மாள்தான் தெருவறையை ஒழித்துக் கொடுத்து, அதில் ஒரு முக்காலியும் போட்டாள். ஆதி தினம் உத்திரமேரூர் லைப்ரரிக்குப் போவாள். பெருமாள் கோயில் சுவரில் வெட்டியிருக்கிற எழுத்தைத் தடவிப் பார்த்துக்கொண்டு நிற்பாள். பிறகு எழுத ஆரம்பித்தாள். எமர்ஜென்சி வந்த வருஷம் மெட்ராஸில் ஒரு சின்ன பிரஸ் அவள் நாவலைப் போட்டது. அட்டையில் பாலாற்றுமதியன் என்று ஆம்பளைப் பெயர். அது ராஜாவும் ராணியுமான கதை. அடுத்ததும் அப்படித்தான். அதற்குப் பிறகு வந்ததெல்லாம் வேறு என்பது வீட்டில் யாருக்கும் தெரியாது. வேதாசலம் பேப்பரில் நெல் விலை தவிர எதையும் படிக்கிறவர் இல்லை. சொக்கம்மாளோ கைநாட்டு. ஆனால் சந்தையிலும் கல்யாண வீட்டிலும், எங்க ஆதி எழுதுன பொஸ்தகம் எக்மோர் ரயிலடியில விக்குது என்று சொல்லாமல் திரும்பமாட்டாள்.

அந்தச் சொக்கம்மாள் இப்போது உள்ளறைக்குப் போய் நின்றாள். ஆதி எழுந்து உட்கார்ந்திருந்தாள். எல்லாவற்றையும் கேட்டிருக்கிறாள் என்பது முகத்திலேயே தெரிந்தது.

"எல்லா பொஸ்தகமும் இப்படித்தானா?" என்றாள் சொக்கம்மாள்.

"மூணாவதுலேர்ந்து அப்படித்தான் அண்ணி."

"பூக்காரியும் படகுக்காரனும்?"

"படகுக்காரி."

"சிற்பியும் அந்த வைத்தியர் பொண்ணும்?"

ஆதி தலையை ஆட்டினாள். சொக்கம்மாளுக்கு, இத்தனை வருஷம் யாருக்காக அழுதோம், யாருக்குக் கல்யாணம் ஆனதென்று சந்தோஷப்பட்டுச் சர்க்கரைப் பொங்கல் வைத்தோம் என்று ஒன்றும் பிடிபடவில்லை. அன்றைக்கு அவள் சோறு தின்னவில்லை. ஆதிக்குக் கஞ்சி மட்டும் வைத்துக் கதவோரம் தள்ளிவிட்டு வந்தாள்.

ஊருக்குள் சேதி போக எவ்வளவு நேரம் ஆகும். மறுநாள் டீக்கடையில் ஏகாம்பரம் எல்லார் எதிரிலும் வேதாசலத்தைக் கேட்டானாம், உன் தங்கச்சி கதையில் மாப்பிள்ளைக்கும் சேலைதானாமே, நம்ம ஊர் ஜவுளிக் கடைக்கு நல்லதுதான் என்று. வேதாசலம் டீயை அப்படியே வைத்துவிட்டு வந்தார். வந்தவர் வாசலிலேயே நின்று தீர்ப்புச் சொன்னார். இனிமேல் ஒரு வரி எழுதக் கூடாது. எழுதுவேன் என்றால் தாமலில் இருக்கிற அக்கா வீட்டுக்குப் போய்விட வேண்டும். வெள்ளிக்கிழமைக்குள் முடிவு தெரிய வேண்டும்.

ஆதி ஒரு துணிப்பையில் இரண்டு சேலையும் பேனாவும் வைத்தாள். தாமல் அக்கா வீட்டில் அவளுக்கு ஏரிக்கரையில் மாடு ஓட்டுகிற வேலைதான் கிடைக்கும், எழுத ஒரு மூலை கிடைக்காது என்று சொக்கம்மாளுக்குத் தெரியும். தெரிந்தும் அவள் அடுப்படிக்குப் போய்விட்டாள். கோபம் இன்னும் அடங்கவில்லை. ஆனால் கோபம் எதன் மேல் என்று யோசிக்க யோசிக்க அவளுக்கே விநோதமாக இருந்தது. இரண்டு பெண்கள் ஒன்றாக இருந்தார்கள் என்பது ஒரு நாள் முழுக்க அவளை உலுக்கிவிட்டது, மெய்தான். அதற்கு மேல் ஒன்று நெஞ்சில் குத்திக்கொண்டே இருந்தது. படிக்கத் தெரியாதவள் என்பதால்தானே ஆதி இவளுக்கு ஒரு கதை, உலகத்துக்கு ஒரு கதை என்று வைத்தாள்.

வியாழக்கிழமை மத்தியானம் சொக்கம்மாள் துணிப்பையைப் பிடுங்கி மூலையில் போட்டாள். "போறவ போ. போறதுக்கு முன்ன அந்தக் குதிரைக்காரி கதைய உள்ளது உள்ளபடி எனக்குப் படிச்சிட்டுப் போ. கனகா பக்கத்துல உக்காருவா. ஒரு வார்த்தை மாத்தினா அவ சொல்லிடுவா."

ஆதி படித்தாள். சொக்கம்மாள் முழங்காலைக் கட்டிக்கொண்டு கேட்டாள். செங்கோதையை முதலில் அவளால் பார்க்கவே முடியவில்லை, மீசை வந்து வந்து குறுக்கே நின்றது. பொழுது சாயச் சாய மீசை போய்விட்டது. கொட்டடியில் சாணி வாரிக்கொண்டு, குதிரை உதைத்த தழும்போடு ஒரு பெண் நின்றாள். அவள் நன்றாகத்தான் இருந்தாள்.

கடைசி அத்தியாயம் வந்தது. சொக்கம்மாளுக்கு அது மனப்பாடம். செங்கோடன் நீலவேணியைக் குதிரையில் ஏற்றிக்கொண்டு ஆற்றைத் தாண்டி, மாகறல் பக்கம் ஒரு தோப்பில் குடிசை போட்டுப் பிழைப்பான். ஆனால் ஆதி படித்ததில் ராஜாவின் ஆட்கள் துரத்தி வந்தார்கள். வெள்ளம் போகிற செய்யாற்றில் இரண்டு பேரும் கை கோத்துக்கொண்டு இறங்கினார்கள். மறுநாள் கரையில் நீலவேணியின் சலங்கை மட்டும் ஒதுங்கியது.

சொக்கம்மாள் கனகாவைப் பார்த்தாள். ஆமாம் அத்தை, அப்படித்தான் போட்டிருக்கிறது என்று கனகா சொன்னாள்.

"படகுக்காரி?"

"செத்துடுவா அண்ணி. எல்லாரும் செத்துடுவாங்க. இல்லன்னா பிரிஞ்சிடுவாங்க. அப்படி முடிச்சாத்தான் பிரஸ்காரரு போடுவேன்னாரு. நானும் சரின்னுட்டேன்."

"எங்களாண்ட மட்டும் இன்னாத்துக்கு வாழ வச்சே?"

ஆதி புத்தகத்தை மூடினாள். "நீங்கல்லாம் மொகத்தைப் பாத்துக்கினு உக்காந்திருக்கும்போது சாவடிக்க வாய் வரல. வாழ வைக்கணும்னா ஒருத்தரை ஆம்பளையாக்கினாத்தான் ஒத்துக்குவீங்கன்னு நெனச்சேன்."

பிறகு உத்திரமேரூர் பள்ளிக்கூடத்தில் கூடப் படித்த தாயாரம்மாளைப் பற்றிச் சொன்னாள். அவளை வந்தவாசியில் கட்டிக்கொடுத்த அன்றோடு தனக்கு எல்லாம் முடிந்ததென்றும், அந்த முடிவைத்தான் திரும்பத் திரும்ப எழுதிக்கொண்டிருப்பதாகவும் சொன்னாள்.

சொக்கம்மாளுக்கு அந்தக் கல்யாணம் ஞாபகம் வந்தது. அன்றைக்கு ஆதி சுருண்டு படுத்துவிட்டாள். காத்து கருப்பு அடித்துவிட்டது என்று இதே சொக்கம்மாள்தான் வேப்பிலை அடித்து, மிளகாய் சுற்றிப் போட்டு, கசாயத்தை மூக்கைப் பிடித்துக் குடிப்பாட்டினாள். பிள்ளைக்கு என்ன என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. அதை நினைத்தபோது கனகா படித்த அன்றைக்கு அடித்ததைவிட இது பலமாக அடித்தது. அவள் எழுந்து போய் வாசலில் முகத்தைக் கழுவிவிட்டு வந்தாள்.

"ஆம்பளையா இருந்தா பொழைக்கலாம், பொம்பளையா இருந்தா ஆத்துல வுழணுமா? இது இன்னா நாயம்டி? இப்ப எழுதிக்கினு கீறியே, அதுல சாவடிச்சிட்டியா?"

"இன்னும் இல்ல."

"சாவடிக்காத."

பிரஸ்காரர் போடமாட்டார் என்று ஆதி சொல்லிப் பார்த்தாள். போடாவிட்டால் கிடக்கட்டும், என் மல்லாட்டைக்கு ஆகும் என்று சொக்கம்மாள் சொல்லிவிட்டாள். அவளிடம் அதற்கு மேல் பேசி ஜெயித்தவர்கள் அந்த வீட்டில் கிடையாது.

வெள்ளிக்கிழமை காலை வேதாசலம் கைகால் கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தார். தட்டில் சோறு விழவில்லை. சொக்கம்மாள் இடுப்பில் கை வைத்து நின்றாள்.

"மாமா, ஆதி தாமலுக்குப் போறான்னா நானும்தான் போறேன். அடுப்புல சாம்பல் அள்ளிட்டேன். விறகு பின்னால கீது. ஏகாம்பரத்தைக் கூப்டு, வந்து ஒலை வைப்பான்."

வேதாசலம் காலித் தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். பிறகு, வெளியில் யாரும் கேட்டால் தனக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிவிடுவேன் என்றார். சொல்லிக்கோ என்று சொக்கம்மாள் சோற்றைப் போட்டாள். அவர் சாகிற வரைக்கும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தார்.

பெண்கள் உடனே திரும்பி வந்துவிடவில்லை. விதைப்பு நெருங்கிக்கொண்டிருந்தது, மாமியாரும் மருமகளும் நாத்தனாரும் விரல் வீங்க உடைத்தார்கள். பிறகு ஒரு நாள் கோவிந்தம்மாள் முறத்தோடு வந்து உட்கார்ந்தாள். பேரன் பெயரை மாற்றுவதற்கில்லை, ரேஷன் கார்டில் ஏறிவிட்டது என்று யாரும் கேட்காமலே சொன்னாள். மற்றவர்களில் சிலர் வந்தார்கள், சிலர் கடைசிவரைக்கும் வரவில்லை.

ஆதிலட்சுமி அந்த நாவலை முடித்து அனுப்பினாள். பிரஸ்காரர் திருப்பி அனுப்பினார். கடைசி அத்தியாயத்தை மாற்றச் சொன்னார். அவள் ஒரு எழுத்தையும் மாற்றாமல் மறுபடி அனுப்பினாள். கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது. ஏரி நிரம்பி, வற்றி, மறுபடி மல்லாட்டை உடைக்கிற காலம் வந்தபோது தபால்காரர் மெட்ராஸ் பிரஸ்ஸிலிருந்து வந்த ஒரு பார்சலைக் கொண்டுவந்து கூடத்தில் வைத்தார்.

பிரித்தால் புதுப் புத்தகம், மை வாசனையோடு. ஆதி கை நீட்டினாள்.

"நீ படிக்க வாணாம், உன்ன நம்ப முடியாது" என்று சொக்கம்மாள் புத்தகத்தை வாங்கி மருமகள் மடியில் வைத்தாள். "கனகா, கடைசிப் பக்கத்தை மொதல்ல படிம்மா. ரெண்டு பேரும் உசுரோட கீறாங்களா பாரு. அதுக்கப்புறம் முதல்லேர்ந்து ஆரம்பிக்கலாம்."

கனகா கடைசிப் பக்கத்தைத் திருப்பினாள். ஆதிலட்சுமி தலையைக் குனிந்துகொண்டு, எல்லாரையும் போல ஒரு கை மல்லாட்டையை அள்ளி உடைக்க ஆரம்பித்தாள். இருக்கிறார்கள் என்று கனகா சொன்னாள்.