கதவோரத்துப் பை

பம்மலில் நாங்கள் குடியிருக்கும் மாடி வீட்டுக்குப் பதினேழு படிகள். ஏறியதும் கதவு, கதவுக்குள் இடப்பக்கம் ஒரு பச்சைப் பை. யாழ்ப்பாணத்தில் ஷெல்லுக்குப் பயந்து ஓடிய காலத்தில் எல்லா வீடுகளிலும் இப்படி ஒரு பை தயாராக இருக்கும். சண்டை ஓய்ந்து, கடலும் கடந்து வந்து, வருடங்கள் ஆகியும் எங்கள் பை கதவை விட்டு நகரவில்லை. உள்ளே பதினொரு சாமான்கள்: பிறப்புப் பத்திரங்கள், ஊர் நிலத்துக்கான காணி உறுதி, என் ஆசிரியர் நியமனக் கடிதம், டார்ச், பிஸ்கட் என்று. ஞாயிறுதோறும் எடுத்து எண்ணுவேன். பழைய பிஸ்கட்டை மாற்றி வைப்பேன்.

போன மாதம் கீழே குடியிருக்கும் வீட்டுக்காரப் பெண் ஓர் இளம் தம்பதியைக் கூட்டிக்கொண்டு ஏறி வந்தாள்.

"வூடு பாக்க வந்துகீறாங்க சார். நீங்க காலி பண்றீங்கல்ல?"

"யார் சொன்னது?"

"யாரு சொல்லணும்? எப்ப வந்தாலும் பை கட்டியே கீது. நீங்க பாட்டுக்குப் போய்ட்டா நான் இன்னா பண்றது?"

வந்த பெண் அதற்குள் சமையலறையை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒன்பது தடவை வீடு மாறியிருக்கிறோம். இந்த வயதில் பத்தாவதா? ஆனால் வீட்டுக்காரியின் சந்தேகத்தில் தப்பு சொல்ல முடியாது. அந்த ஒன்பதில் ஒன்றிலிருந்தும் நாங்கள் சொல்லிக்கொண்டு கிளம்பியதில்லை.

என் மனைவிதான் சிரித்தாள். "அது இவற்ற விளையாட்டுச் சாமான், தங்கச்சி. ஞாயிறில எண்ணாட்டி இவருக்குச் சோறு இறங்காது."

"நீங்க சொல்லுங்க சார். போறீங்களா, இருக்கீங்களா?"

எந்த வீட்டைப் பற்றியும் யாரும் என்னிடம் இப்படிக் கேட்டதில்லை. "இருக்கிறம்" என்றேன்.

"அப்ப அதை உள்ள வைங்க சார். ஒரே பேஜாரா கீது" என்று அவள் அவர்களை அழைத்துக்கொண்டு இறங்கிப் போனாள்.

அன்று மத்தியானமே மனைவி பையைக் கொட்டினாள். பத்திரங்கள் படுக்கையறை அலமாரிக்குப் போயின. பிஸ்கட் தேநீரோடு தீர்ந்தது. வெறும் பையை உதறி, வெள்ளிக்கிழமை பல்லாவரம் சந்தைக்கு ஆகும் என்று சமையலறையில் மாட்டினாள்.

அலமாரியிலிருந்து கதவுக்குப் பதின்மூன்று காலடி. ஓட வேண்டி வந்தால் கொஞ்சம் தூரம்தான். முதல் வாரம் தினமும் மூன்று தடவை நடந்து பார்த்தேன்.

"இன்னும் அளந்து முடியேல்லையோ?" என்றாள் மனைவி.

இந்த வாரம் ஒரே ஒரு தடவைதான் நடந்தேன்.