ஓடுகாலி என்றொரு நட்சத்திரம்

என் கணவரின் தங்கை எங்கள் லயத்து வீட்டுக்கு வந்து சேர்ந்தபோது பதுளைக்கு இன்னும் ரயில் வரவில்லை. அவளைக் கட்டியவன் அவளுக்கு முன்பே கப்பலேறி வந்து, வேறொரு கங்காணியின் ஆட்களோடு கொஸ்லந்தைப் பக்கம் போய்விட்டிருந்தான். வந்து அழைத்துப் போவான் என்று ஸ்பிரிங்வெளித் தேயிலைத் தோட்டத்தில் எங்களோடு தங்கினாள். அவன் வரவில்லை.

சோறு தின்னும்போதே எழுந்து வாசலுக்குப் போய்ப் பாதையைப் பார்ப்பாள். திரும்பி வந்து ஒரு வாய் தின்பாள், மறுபடி எழுவாள். அந்தத் தவிப்பு எனக்கும் தொற்றிக்கொண்டது. யாராவது மேடேறி வந்தால் நானும் எட்டிப் பார்ப்பேன்.

கொழுந்து எடுக்கும்போது என் பக்கத்து நிரை அவளுக்கு. ஒருநாள் கை தன்பாட்டுக்குக் கிள்ளிக்கொண்டிருக்க, திடீரென்று சொன்னாள்.

"மதினி, ஒரு ஊரு இருக்கு. அங்க மலையே கெடையாது. வானத்துல ஒரே ஒரு நட்சத்திரம். அதுக்குப் பேரு ஓடுகாலி."

எனக்குச் சிரிப்பு வந்தது. வீட்டை விட்டு ஓடிப்போன பெண்ணைத் திட்டும் சொல் அது.

"ஏன் புள்ள, வேற பேரே கெடைக்கலியா?"

"அது ஒரு எடத்துல நிக்காதே. இன்னைக்கு இந்தப் பக்கம், நாளைக்கு அந்தப் பக்கம். பகல்லயே தெரியும். அது போற பக்கமா சனங்களும் சட்டி பானையத் தூக்கிக்கிட்டுப் போவாங்க. யார் வீட்டுக்கு மேல நிக்குதோ, அன்னைக்கு அவங்கள யாரும் வேலைக்குக் கூப்பிடக் கூடாது."

அன்றிலிருந்து அந்த ஊர் வளர்ந்தது. நட்சத்திரத்துக்குக் கொழுந்தின் நிறம் வந்தது. அது தாழ இறங்கினால் அங்கே ஆறுகள் திசை மாறி ஓடும் என்றாள். மற்றப் பெண்களும் சேர்ந்துகொண்டார்கள். அது தன் வீட்டுக்கு மேல் எப்போது வரும் என்று ஆளுக்கு ஆள் கேட்டார்கள். அந்த வருஷம் பிள்ளையைப் பறிகொடுத்த ஒருத்தி, "செத்த புள்ளைங்க அங்க இருக்குமா?" என்று கேட்டாள். எல்லாரும் கை நிறுத்தினோம். "தெரியலக்கா. நான் இன்னும் அவ்வளவு தூரம் போகல" என்றாள் இவள். ஏதாவது ஆறுதல் சொல்லியிருக்கலாமே என்று எனக்கு ஆத்திரமாக வந்தது. கேட்டவளோ தலையசைத்துவிட்டுக் கொழுந்தைக் கிள்ளத் தொடங்கினாள்.

ஒரு மழை நாளில் கொழுந்து நிறுக்கும் கொட்டகையில் ஒதுங்கியிருந்தோம். "ஓடுகாலி இன்னைக்கு எங்க?" என்று ஒருத்தி கேட்க, "கொஸ்லந்தைக்கே போயிட்டா" என்றாள் இவள். வெளியே நின்ற எங்கள் கங்காணியின் காதில் அது விழுந்தது.

மறுநாள் காலை, வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் எங்களை வரிசையாக நிற்க வைத்து, திரும்பத் திரும்ப எண்ணினார். ஆள் குறையவில்லை. "எவடி ஓடுனவ? சொல்லுங்கடி!" என்று கத்தினார். சத்தம் கேட்டுத் துரையே குதிரையில் வந்துவிட்டார். தோட்டத்தை விட்டு ஆள் ஓடுவது என்றால் அந்தக் காலத்தில் ஜெயில் வரைக்கும் போகும் விஷயம். இவள் முன்னால் போய் நின்றாள்.

"தொரைங்களே, அது பொம்பள இல்லீங்க. நட்சத்திரமுங்க."

கணக்கப்பிள்ளை அதை இங்கிலீஷில் சொன்னார். துரை அண்ணாந்து பார்த்தார். மேலே மேகம் மட்டும்தான் இருந்தது. எங்கே என்று கேட்டார்.

"இந்த வானத்துல இல்லீங்க. நாங்க உண்டாக்குன வானத்துல இருக்கு."

கணக்கப்பிள்ளை அதற்கு இங்கிலீஷ் தேடினார். கடைசியில் என்ன சொன்னாரோ, துரை உரக்கச் சிரித்துவிட்டுக் குதிரையைத் திருப்பினார். பயம் விட்டதில் நாங்களும் சிரித்தோம். கங்காணி சிரிக்கவில்லை.

அன்று முதல் அவளை உச்சி மலைக்குத் தனியே புல்வெட்ட அனுப்பினார். என் பக்கத்து நிரைக்கு வேறு ஒருத்தி வந்தாள். பெண்கள் என்னைக் கதை சொல்லச் சொன்னார்கள். சொல்லிப் பார்த்தேன். என் வாயில் அந்த நட்சத்திரம் ஆணி அடித்தது போல் ஒரே இடத்தில் நின்றது.

கொஸ்லந்தைக்குப் போக அவள் கங்காணியிடம் முறைப்படி கேட்டாள். "ஒம்புருசன் வரட்டும், பாப்போம்" என்றார். அவள் அண்ணனும் அதையே சொன்னார். ஒரு ஞாயிற்றுக்கிழமை பதுளைக் கடைத்தெருவில் அவள் என் கையைப் பிடித்தாள்.

"மதினி, நான் திரும்பி வரல."

"அவன் ஒன்ன வேணாம்னுட்டா?"

"அதையும் அவன் வாயாலயே கேட்டுக்கிறேன். பாத்துப் பாத்து என் கண்ணு பூத்துப்போச்சு."

நான் தடுக்கவில்லை. போர்த்தியிருந்த கம்பளியை அவளிடம் கொடுத்தேன். பண்டாரவளைப் பாதையில் வேகமாக நடந்து போனாள்.

அன்று மாலையே கங்காணி எங்கள் வாசலில் வந்து கத்தினார். அவர் எதிரே என் கணவர் வாய் திறந்து நான் பார்த்ததில்லை. அன்று எழுந்து நின்று, "என் தங்கச்சி அவ புருசங்கிட்ட போயிருக்கா. அதுல ஒங்களுக்கு என்னங்க?" என்றார். உள்ளே வந்ததும் கதவைத் தாழிட்டார்.

பண்டாரவளையிலிருந்து துணி மூட்டையோடு வரும் முஸ்லிம் வியாபாரி ஒருவர் உண்டு. நானா என்று கூப்பிடுவோம். அவர்தான் சேதி கொண்டுவந்தார். கொஸ்லந்தையில் அவன் இன்னொருத்தியோடு இருந்தானாம், கைக்குழந்தையோடு. இவள் வாசலில் நின்று கேட்டிருக்கிறாள். அவன் தரையைப் பார்த்திருக்கிறான். அந்தப் பெண் கொடுத்த தண்ணீரைக் குடித்துவிட்டு இறங்கிப் போய், பக்கத்துத் தோட்டமொன்றில் வேலைக்குச் சேர்ந்துவிட்டாளாம்.

"இங்க வரச் சொல்லட்டான்னு கேட்டேன். வேணாம்னுட்டா" என்றார் நானா.

சில வருஷங்கள் கழித்து, ஒரு விடியற்காலை, வெலிமடை மரக்கறி வண்டியொன்று ரோட்டில் நின்றது. வண்டிக்காரரோடு அவள் இறங்கினாள். அவரைக் கட்டிக்கொண்டதாக ஒரே மூச்சில் சொன்னாள். என் கணவர் அவள் கொண்டுவந்த கிழங்கு மூட்டையைத் தூக்கி உள்ளே வைத்தார். திரும்பி வந்து, "பாதையில சேறா?" என்று கேட்டார். "ஆமாண்ணே, பெரிய சேறு" என்றாள். இரண்டு பேருக்கும் கண் கலங்கியிருந்தது.

"ஒரு நாளாச்சும் இருந்துட்டுப் போயேன்" என்றேன்.

"பதுளச் சந்தைக்கு நேரமாகுது மதினி."

தேத்தண்ணியைப் பாதி குடித்ததும் எழுந்துவிட்டாள். வண்டி வளைவில் மறையும்வரை நின்றேன். அன்று பெரட்டுக்குப் பிந்தித்தான் போனேன். ஏன் என்று கங்காணி கேட்டார். ஓடுகாலி இன்றைக்கு எங்கள் வீட்டுக்கு மேல் நின்றது என்று சொல்ல நினைத்தேன். வீட்டுக்கு ஆள் வந்திருந்தது என்றேன்.