வைக்கோல் மேல் நடந்த பேண்டு

ஊமைப்படக் காலத்தில் தர்மபுரி டென்ட் கொட்டகைக்கு வாய், பேண்டு மாஸ்டர் சவுரியப்பன்தான். கிளாரினெட்டும் கையுமாக, பின்னால் ஐந்து பேரோடு திரைக்குப் பக்கத்தில் நிற்பார். நின்ற இடத்திலேயே கால் மாற்றி மிதித்துக்கொண்டுதான் ஆறு பேரும் வாசிப்பார்கள். சண்டை வந்தால் கால் வேகமாகும். அழுகை வந்தால் தளரும். மாதா தேருக்கும் கல்யாண ஊர்வலத்துக்கும் முன்னால் நடந்தே பழகிய பேண்டு. உட்கார்ந்து வாசித்ததே இல்லை.

முப்பத்தைந்திலோ முப்பத்தாறிலோ பேசும்படம் வந்தது. வருடத்தை ஆளுக்கு ஒன்றாகச் சொல்கிறார்கள். கொட்டகை முதலாளி கோவிந்தன் சொன்னதில் மட்டும் யாருக்கும் சந்தேகமில்லை.

“இனிமே பொட்டியே பாடுதுங்க மாஸ்டர். நீங்க கல்யாணத்துக்கு ஊதிக்குங்க.”

“பொட்டிக்குள்ள ஊதறவன் மட்டும் வானத்துல இருந்தா வந்தான்? நாங்களும் உள்ள பூந்துக்கறோம். நீங்க டிக்கெட் கிழிச்சிட்டுக் கேளுங்க.”

மூன்று வருடம் கடிதம் போட்டார். கடைசியில் கோயமுத்தூர்ப் பக்கம் ஒரு படக் கம்பெனி, ராஜா ஊர்வலப் பாட்டுக்கு வாசித்துக் காட்டச் சொன்னது. சரியாக வந்தால் ஆறு பேருக்கும் வேலை. மொரப்பூரில் ரயிலேறினார்கள். பெரிய டிரம், அதை அடிக்கும் மாதப்பன் மடியில் குழந்தை மாதிரி உட்கார்ந்து வந்தது.

ஸ்டூடியோவில் ஒரே ஒரு மைக். வாசிக்கத் தொடங்கியதுமே ஒலிப்பதிவாளர் கையை உயர்த்தினார்.

“யாருய்யா அது நெல்லு குத்தறது? ஆடாம நில்லுங்க.”

நின்றார்கள். கால் நின்றதும் தாளமும் நின்றது. மாதப்பன் முந்தினார், மற்றவர்கள் பிந்தினார்கள். மூன்று தடவை அப்படியே.

“மாஸ்டர், நீங்க மட்டும் இருங்க. மத்தவங்க ஊருக்குப் போகட்டும். எங்க ஆளுங்க வாசிப்பாங்க.”

மாதப்பன் டிரம்மின் தோள்வாரைக் கழற்றப் போனார். “நீ இருண்ணா. ஒருத்தனாவது உள்ள பூந்தா போதும்.”

“கழட்டாதடா!” சவுரியப்பன் ஒலிப்பதிவாளர் பக்கம் திரும்பினார். “நாங்க நடந்துதாங்க வாசிப்போம். கால் சத்தம் கேக்கக் கூடாது, அவ்வளவுதானே? இன்னொரு வாட்டி பாருங்க. ஆகலைன்னா ஆறு பேரும் கெளம்பறோம். நான் மட்டும் இருக்க மாட்டேன்.”

வெளியே, ராஜா படத்துக்கு வந்த குதிரைகளுக்கு வைக்கோல் குவித்திருந்தது. அள்ளி வந்து தரையில் பரப்பித் தண்ணீர் தெளித்தார்கள்.

“குதிரை கோவிச்சுக்கப் போவுதுய்யா” என்றார் ஒலிப்பதிவாளர்.

“கோவிச்சா கோவிக்கட்டுங்க. அதுக்கு என்ன, வசனமா இருக்குது?” என்றார் மாதப்பன்.

செருப்பைக் கழற்றிவிட்டு, ஈர வைக்கோல் மேல் மிதித்து மிதித்து வாசித்தார்கள். ஒரே தடவையில் பாட்டு முடிந்தது. ஆறு பேருக்கும் வேலை.

மறு வருடம் அந்தப் படம் தர்மபுரிக்கு வந்தபோது, ஆறு பேரும் டிக்கெட் வாங்கிக்கொண்டு போனார்கள். ஊர்வலப் பாட்டு தொடங்கியதும் கோவிந்தன் அவர்கள் பக்கத்தில் வந்து குனிந்தார்.

“பேண்டு ஜோருங்க மாஸ்டர். அடியில என்னமோ சரசரங்குதே, பிலிம் தேஞ்சிருக்குமோ?”

“தேயலைங்க. அது எங்க காலு.”

சொல்லிவிட்டு எழுந்து நின்று கால் மிதிக்கத் தொடங்கினார். மற்ற ஐவரும் எழுந்தார்கள். “உக்காருய்யா, மறைக்குது!” என்று பின்னாலிருந்து ஒரே கூச்சல். பாட்டு முடியும்வரை ஒருவரும் உட்காரவில்லை.