கை மட்டும் போதுமாம்

கொல்லாங்கொட்டை, அதாவது முந்திரிக்கொட்டை, உடைக்கிற ஆலைக்கு எங்கள் பக்கத்தில் அண்டி ஆபீஸ் என்று பெயர். பெயரில்தான் ஆபீஸ், உள்ளே எங்களுக்கு நாற்காலி கிடையாது. அருமனைப் பக்கம் அப்படி ஓர் ஆபீசில் இருபது வருடமாகத் தரையில் உட்கார்ந்து கொட்டை உடைக்கிறேன். வறுத்த கொட்டையில் கட்டையால் ஒரே தட்டு, பருப்பு முழுசாக வெளியே வர வேண்டும். உடைந்தால் திட்டு விழும்.

அங்கேதான் சினிமாக்காரர்கள் வந்தார்கள். உழைக்கிற பெண்களின் கதை, இதுவரை யாரும் காட்டாத வாழ்க்கை என்று டைரக்டர் உருகி உருகிப் பேசினார். கெட்ட மனிதர் என்று சொல்ல மாட்டேன். எங்களோடு தரையில் உட்கார்ந்து பாலில்லாத கட்டன்சாயா குடித்தார்.

கதாநாயகி சென்னைப் பெண். அவளுக்குப் புறங்கையில் கறுப்பு மை பூசி என் இடத்தில் உட்காரவைத்தார்கள். கொட்டையின் எண்ணெய் விரல்நுனியைத்தான் முதலில் தின்னும் என்று யாருக்கும் தெரியவில்லை. அவள் தட்டியதெல்லாம் பொடிப்பொடியானது, பாவம். டைரக்டர் என்னிடம் வந்தார்.

“அக்கா, குளோசப்புக்கு உங்க கை மட்டும் போதும். முகம் அவங்களோடது.”

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. இருபது வருடம் உழைத்தவள் கை மட்டுந்தானா?

“எனக்க கை வேணும்னா முகத்தையும் சேத்து எடுக்கணும் சாரே.”

“உங்க கையே எல்லாத்தையும் சொல்லிடும்க்கா.”

“ரேஷன் கடை மெஷினுக்கே எனக்க கையத் தெரியாது. ரேகைய எல்லாம் எண்ணெ தின்னாச்சு. கண்ணக் காட்டினாத்தான் அரிசி. பின்னே, உங்க படத்துல கைய மட்டும் பாத்தா என்னை எவனுக்குத் தெரியும்?”

எங்கள் ஆபீஸ் மேனேஜர் என்னைப் பார்த்துக் கண்ணை உருட்டினார். பக்கத்தில் உட்காருகிறவள் என் முழங்கையை இடித்தாள்.

“ஏட்டி, கையாவது சினிமாவுல வரட்டுமே.”

“அப்போ நீ குடு உனக்க கைய.”

அவள் தன் விரல்களைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு இரண்டு கையையும் முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள். டைரக்டர் வரிசையில் இன்னும் நாலு பேரிடம் கேட்டார். ஒருத்தியும் தரவில்லை.

சாயங்காலம் இறங்கி வந்தார். கையில் தொடங்கி முகம் வரைக்கும் ஒரே ஷாட், அதுவும் என்னை வைத்து.

“கொஞ்சம் சோகமா பாருங்கக்கா.”

“சோகம் ஒண்ணும் இல்ல சாரே. எனக்குக் கோவமால்லா இருக்கு.”

“அப்படியே பாருங்க” என்றார்.

படம் வெளியானதும் மார்த்தாண்டத்துத் தியேட்டருக்கு அண்டி ஆபீசே திரண்டு போய்ப் பார்த்தோம். திரை முழுக்க என் கறுத்த விரல்கள் வந்தன. காமிரா மெல்ல ஏறியது.

“ஏட்டி, நீதான்!” பக்கத்தில் உட்காருகிறவள் தியேட்டர் அதிரக் கத்தினாள். முன்வரிசைக்காரர்கள் எல்லாம் திரும்பி என்னைப் பார்த்தார்கள்.

நன்றாகப் பார்க்கட்டும் என்று முகத்தை நிமிர்த்தி வைத்துக்கொண்டேன்.