டைட்டிலில் பேர் வரும்

டிவியில் தொடர் தொடங்கும்போது வீடுகளில் என்ன நடக்கும் என்று எனக்கு நன்றாகத் தெரியும். ஒருவர் தண்ணீர் குடிக்க எழுந்து போவார். ஒருவர் லுங்கியை இறுக்கிக் கட்டிக்கொண்டு நல்ல இடமாகப் பார்ப்பார். பிள்ளைகளை ஒன்றுக்குப் போய்விட்டு வரச்சொல்லி அம்மா விரட்டுவாள். எல்லோரும் வந்து உட்காருவதற்கு ஒரு நிமிடம் ஆகும் இல்லையா, அந்த ஒரு நிமிடத்தை நிரப்புவதுதான் என் தொழில். பள்ளிக்கூட மணிக்கும் எனக்கும் பெரிய வித்தியாசம் கிடையாது. மணிக்காவது பிள்ளைகள் பயப்படும். மெட்ராஸில் ஓவியக் கல்லூரியில் படித்துவிட்டு நான் வந்து சேர்ந்தது இந்த வேலைக்கு. சொந்த ஊரான செஞ்சிக்கு வந்தால் என் அக்காவின் மாமியார், "இன்னும் போர்டுதான் எழுதினு இருக்கியா?" என்று கேட்பார். ஆமாம் என்று சொல்லிவிடுவேன். அதில் பொய் ஒன்றும் இல்லை.

எண்பதுகளில் அந்த வேலைக்குக் கறுப்பு அட்டையும் வெள்ளைப் பெயிண்டும் நல்ல பிரஷ்ஷும் போதும். அட்டையில் பெயரை எழுதிக் காமிராவுக்கு முன்னால் வைக்க வேண்டும். பெயர்கள் நிறைய இருந்தால் நீளமான கறுப்புக் காகிதத்தில் வரிசையாக எழுதி உருளையில் சுற்றி, கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும். திரையில் பெயர்கள் கீழிருந்து மேலே ஏறும். மெதுவாகச் சுற்றினால் படிக்கலாம், வேகமாகச் சுற்றினால் படிக்க முடியாது. அவ்வளவுதான் விஞ்ஞானம். ஆனால் அதைச் சுற்றி நடக்கிற சண்டை இருக்கிறதே, பாகப் பிரிவினையில்கூட அப்படி நடக்காது. யார் பெயர் முதலில், யாருடையது பெரிய எழுத்தில், யாருக்கு எத்தனை நொடி. டைரக்டருக்கு எப்போதும் நாலு நொடி. ஒரு பெயரை நிதானமாக இரண்டு தரம் படிக்க நாலு நொடி தாராளம். வெயிலில் விளக்கைத் தூக்கிக்கொண்டு நின்றவனுக்கு அரை நொடி, அதுவும் மற்றவர்களோடு சேர்த்து.

அப்போது ஸ்பான்சர் பிடித்துத் தொடர் எடுக்கிற பழக்கம் வந்துவிட்டது. பணம் வைத்திருந்தவனெல்லாம் தயாரிப்பாளர், கறுப்புக் கண்ணாடி வைத்திருந்தவனெல்லாம் டைரக்டர். நான் வேலை பார்த்த டைரக்டர் அதற்கு முன் எடுத்திருந்தது, வயலுக்கு உரம் போடுவது எப்படி என்று ஒரு படம். அந்தத் தைரியத்தில் ராஜா கதை எடுக்கக் கிளம்பினார். கோட்டை வேண்டும் என்றார். எங்கள் ஊரில் இருக்கிறது, என் அக்கா புருஷன் எல்லா ஏற்பாடும் செய்துகொடுப்பார் என்று நான் சொன்னேன். என் வாயில் சனி.

வந்து இறங்கிய அன்றே டைரக்டர் இரண்டு கையாலும் சட்டம் கட்டி, கோட்டை இருக்கிற ராஜகிரி மலையைப் பார்த்தார். நெடுநேரம் பார்த்துவிட்டு, மலை இன்னும் கொஞ்சம் இடப்பக்கம் தள்ளி இருந்தால் நன்றாக இருக்கும் என்றார். அக்கா புருஷனான என் மாமா சைக்கிள் கடை வைத்திருந்தார், ஊரில் எல்லோரும் மதிக்கிற ஆள். அவர் முகத்தை மாற்றாமல், "முன்னாடியே சொல்லியிருந்தா பாத்திருக்கலாம் சார்" என்றார். டைரக்டர் அதற்கும் தலையாட்டினார்.

அந்த மனிதருக்கு ஒரே ஒரு திறமை உண்டு. எதைக் கேட்டாலும் காசு என்ற பேச்சை எடுக்காமல், "டைட்டில்ல பேர் வரும்" என்பார். அந்த ஒரு வாக்கியத்துக்கு லாரி வந்தது. ஜட்கா வண்டியிலிருந்து குதிரையை அவிழ்த்துக் கொடுத்தார் ஒரு பாய். பேண்ட் செட் வந்தது. சமண நைனார் ஒருவர் தன் நிலத்துப் பம்புசெட்டையும் மாந்தோப்பையும் யூனிட்டுக்கு விட்டுக்கொடுத்தார். பக்கத்து ஊர் அனந்தபுரத்திலிருந்துகூட ஈட்டி பிடித்துக்கொண்டு நிற்க ஆட்கள் வந்தார்கள். மாமா வீடு வீடாகப் போய் உத்தரவாதம் கொடுத்தார். "எம் மச்சான் கையாலதான் எழுதறான். பேரு வராம எங்க போவும்?" என்பார்.

எங்கள் ஊர்க்காரர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். டைட்டில் என்றால் அவர்கள் புரிந்துகொண்டது கல்யாணப் பத்திரிகையை. நான் தங்கியிருந்த லாட்ஜ் அறைக்குக் காலையிலேயே வந்துவிடுவார்கள். எங்கப்பா பேருக்கு முன்னால் அமரர் என்று போடு, அதற்கு அப்புறம் என் பெயர், அதற்குக் கீழே தம்பிகள். பெரியப்பா மகன் பெயர் எனக்கு மேலே வந்தால் லாரியைத் திருப்பி அனுப்பு. பேத்தி பெயரையும் ஓரமாகச் சேர்த்துக்கொள், அவளுக்கு நேற்றுத்தான் பெயர் வைத்தோம். ஒருவர் எதுவுமே கொடுக்கவில்லை, தெருவில் நின்று வேடிக்கை பார்த்ததோடு சரி. அவர் வந்து, "இன்னாபா, எங்க ஊட்டுப் பத்திரிகையில உங்க நைனா பேரப் போட்டோமே, மறந்துட்டியா?" என்று கேட்டார். அவர் பெயரையும் எழுதிக்கொண்டேன்.

வராத ஒரே ஆள் மெஸ் அக்கா. திருவண்ணாமலை ரோட்டில் ஓட்டு வீட்டின் முன்பக்கத்தில் மெஸ் நடத்திவந்தாள். யூனிட் முழுக்க அங்கேதான் சாப்பிட்டது. டைரக்டர் அவளிடமும் அதே வாக்கியத்தைத்தான் சொல்லியிருந்தார். கல்யாணம் செய்துகொள்ளாதவள். அப்பா அம்மா போன பிறகு தம்பியை வளர்த்தாள். அவன் பெரியவனானதும் வீட்டை விற்றுக் காசு கொடு என்று கேட்டிருக்கிறான், இவள் முடியாது என்றிருக்கிறாள், கோபித்துக்கொண்டு போனவன் போனவன்தான். மெட்ராஸில் எங்கேயோ இருக்கிறான் என்று ஊரில் பேச்சு. அக்கா ஊரில் இருக்கிற பொடியன்களையெல்லாம் வாடா போடா என்பாளே தவிர, தம்பி என்று யாரையும் கூப்பிட மாட்டாள்.

நாங்கள் கிளம்புகிற அன்று காலையில் இட்லி வைத்துவிட்டு என் பக்கத்தில் நின்றாள்.

"எம் பேரு நெஜமாவே வருமா?" என்று கேட்டாள்.

"வரும்க்கா."

"படிக்கற மாதிரி வருமா? அவன் எங்கனா கடையில நின்னுகினு டிவி பாப்பான் இல்ல? எம் பேரப் பாத்தான்னா அக்கா இங்கியேதான் இருக்குது, ஊட்ட விக்கல, எதுவும் ஆவலன்னு தெரிஞ்சிக்குவான். வரணும்னு தோணும்."

மற்றவர்களெல்லாம் பெருமைக்குக் கேட்டார்கள். இவள் ஒருத்திதான் பெயரை எதற்குப் போடுவார்களோ அதற்காகக் கேட்டாள். கட்டாயம் வரும் என்று சொன்னேன்.

மெட்ராஸுக்கு வந்ததும் டைரக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி, "நன்றி, செஞ்சிப் பொதுமக்கள்னு ஒரே வரியில முடிச்சிடு" என்றார். நான் முடியாது என்றேன், சத்தம் போட்டேன். கடைசியில் எபிசோடு முடிந்ததும் எட்டு நொடி கொடுத்தார். அவர் பெயர் மட்டும் தொடக்கத்தில் நாலு நொடி, முடிவில் நாலு நொடி. ஒருவேளை நடுவில் மறந்துவிடுவோம் என்று நினைத்தாரோ என்னவோ. எட்டு நொடியில் ஊர் முழுவதையும் ஏற்ற வேண்டும். எழுதினேன், அமரர்களையும் விடவில்லை. உருளையைச் சுற்றிய சுற்றில் என் மணிக்கட்டு வலித்தது.

முதல் எபிசோடு பார்க்கச் செஞ்சிக்குப் போனேன். மாமா சைக்கிள் கடையில் டிவியைத் தூக்கி மேஜைமேல் வைத்திருந்தார். கூட்டம் ரோடுவரை நின்றது. கதையை ஒருவரும் பார்க்கவில்லை, எப்போது முடியும் என்று உட்கார்ந்திருந்தார்கள். முடிந்தது, 'நன்றி' என்று வந்தது, பிறகு திரையில் வெள்ளைக் கோடுகள் சர்ரென்று மேலே ஓடின. விளம்பரம் வந்துவிட்டது.

மாமாதான் முதலில் தொண்டையைச் செருமினார். "எம் பேரு வந்துச்சு, பாத்தேன்" என்றார். உடனே லாரிக்காரர் தன் பெயரையும் பார்த்ததாகச் சொன்னார். பாய் தன் பெயரைப் பார்த்தார். நைனார் தன் அப்பா பெயரைப் பார்த்துக் கண் கலங்கினார். ஒருவர் தன் பெயரைவிடப் பெரியப்பா மகன் பெயர் அரை அங்குலம் பெரிதாக இருந்ததாகச் சண்டைக்கே வந்துவிட்டார். எழுதிய எனக்கே ஒரு எழுத்துகூடத் தெரியவில்லை. பார்க்கவில்லை என்று சொல்லிவிட்டால், பெயர் வரவில்லை என்று பக்கத்து வீட்டுக்காரன் நினைத்துவிடுவான் அல்லவா? அந்தப் பயத்தில் ஊரே கூடிப் புளுகியது.

"எனக்குத் தெரியல" என்றாள் மெஸ் அக்கா, வெளியே நின்றபடி.

"உனுக்குக் கண்ணு கோளாறு" என்றார் லாரிக்காரர்.

"கண்ணு நல்லாதான் இருக்குது. கோடு கோடாத்தான் போச்சு." என்னைப் பார்த்தாள். "இத அவன் எப்பிடிப்பா படிப்பான்?"

எனக்கு டைரக்டர் மேல் கோபம், இந்தப் புளுகர்கள் மேல் கோபம், அதைவிட என் தொழில் மேல் கோபம். மெட்ராஸுக்குத் திரும்பிய அன்றே ஒரு புது அட்டையை எடுத்து அக்காவின் பெயரை மட்டும் நடுவில் எழுதினேன். கீழே 'செஞ்சி' என்று ஊரையும் போட்டேன். ராஜாவாக நடித்தவர் பெயரைக்கூட நான் அவ்வளவு நிதானமாக எழுதவில்லை. எபிசோடு முடிவில் டைரக்டர் பெயர் வருகிற நாலு நொடியை எடுத்துவிட்டு அங்கே அதை வைத்தேன். மீதி எபிசோடுகள் எல்லாவற்றுக்கும் ஒரே நாளில் டைட்டிலை ஒட்டி டேப்புகளை டிவி நிலையத்தில் கொடுத்தாகிவிட்டது. டைரக்டர் பார்க்க வரவில்லை, அடுத்த தொடருக்குக் கதை கேட்டுக்கொண்டிருந்தார்.

அடுத்த வாரம் ஒளிபரப்பானதும் கூப்பிட்டு அனுப்பினார். அவருடைய மாமியார் பார்த்துவிட்டுச் சொன்னாராம்.

"யாருய்யா அந்தப் பொம்பள? ஸ்பான்சரா?"

"மெஸ் நடத்துறவங்க சார். நீங்க சாப்பிட்டீங்களே."

"என் பேர் வர எடத்துல இட்லிக்காரி பேரா?"

"அவங்க இட்லி நல்லா இருந்தது சார்" என்றேன். உன் தொடர் நன்றாக இல்லை என்பதையும் சேர்த்துச் சொன்னேன். அத்தோடு அந்தக் கம்பெனியில் எனக்கு வேலை போனது. டேப்புகளைத் திரும்ப வாங்கி மாற்றுவதற்குத் தயாரிப்பாளர் சம்மதிக்கவில்லை, எடிட்டிங் அறைக்கு மறுபடி வாடகை கொடுக்க அவருக்கு மனமில்லை. அந்தக் கஞ்சத்தனத்தை மனதார வாழ்த்தினேன். இனி வாராவாரம் அக்காவின் பெயர் வரும், யாராலும் தொட முடியாது.

நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு செஞ்சிக்கு பஸ் ஏறினேன். சைக்கிள் கடைப் பையன், மாமா மெஸ்ஸில் சாப்பிட்டுக்கொண்டிருப்பதாகச் சொன்னான். அங்கே போனேன். மாமா என்னைப் பார்த்ததும் மூஞ்சைத் திருப்பிக்கொண்டார். "எல்லார் பேரும் ஓடுது, இது பேரு மட்டும் நிக்குது. ஊர்ல ஒருத்தனும் எங்கூடப் பேசறதில்ல" என்று சோற்றைப் பார்த்துச் சொன்னார். நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை. எதிர் பெஞ்சில் நாற்பதுக்குள் ஒரு ஆள், மனைவியும் இரண்டு பிள்ளைகளுமாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். அக்கா பரிமாறிக்கொண்டிருந்தாள். அவன் முகம் அவளுடைய முகமேதான். தம்பி என்று பார்த்த உடனே தெரிந்துவிட்டது.

சந்தோஷத்தில் நானும் ஒரு இலை போடச் சொன்னேன். அவன் ரசத்தை உறிஞ்சிவிட்டுப் பேசினான்.

"பாத்தொடனே இவகிட்டச் சொன்னேன். டிவியில தனியா பேரு போட்டுக்கற அளவுக்கு அக்காவுக்கு யாவாரம் நடக்குதுன்னு. நல்லதுதான். ஆனா இந்த எடத்துல எனக்கும் பாதி இருக்குதில்ல? வக்கீலப் பாத்துப் பேசிட்டேன்."

அக்கா அவன் பிள்ளைகளுக்குச் சாம்பார் ஊற்றினாள். நான்தான் கேட்டேன். "மெட்ராஸ்ல எங்க இருக்கீங்க?"

"மெட்ராஸா? நான் திண்டிவனத்தத் தாண்டினதில்ல. அவலூர்பேட்டையில மல்லாட்ட மண்டியில கணக்கு எழுதறேன். இங்கேர்ந்து போன நாள்லேர்ந்து அங்கதான்."

அவலூர்பேட்டை. காலையில் பஸ் ஏறினால் பலகாரம் ஆறுவதற்குள் போய்விடலாம். செஞ்சியில் மல்லாட்டை என்கிற வேர்க்கடலையை விற்கிறவர்கள் எல்லோரும் போய் வருகிற ஊர். நான் மாமாவைப் பார்த்தேன்.

"உங்களுக்குத் தெரியுமா?"

"மண்டிக்குப் போறவன் எல்லாத்துக்கும் தெரியும்" என்றார், குரலைத் தணித்து. "மெட்ராஸ்னு நெனச்சிகினு நல்லாதான இருந்துச்சி. எதுக்குச் சொல்லிகினு?"

அக்காவுக்குக் கேட்டுவிட்டது. சாம்பார் வாளியைக் கீழே வைத்தாள். இவ்வளவு வருஷமாக அவள் கையால் தின்றுவிட்டு வாயைத் துடைத்துக்கொண்டு போனவர்களை, உட்கார்ந்திருந்த ஒவ்வொருவராகப் பார்த்தாள். யாரும் நிமிரவில்லை. தம்பி மட்டும் மோர் கேட்டான். கொண்டுவந்து ஊற்றினாள்.

அவர்கள் பஸ்ஸுக்குப் போன பிறகு என்னிடம் வந்தாள். கண்ணில் தண்ணீர் இல்லை. வந்திருந்தால் எனக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும்.

"அவன் படிச்சிட்டான். எம் பேர எடுத்துடுப்பா."

டேப்புகள் நிலையத்துக்குப் போய்விட்டன, என்னை வேலையை விட்டும் அனுப்பிவிட்டார்கள், இனி என் கையில் ஒன்றும் இல்லை என்று விளக்கினேன். கடைசிவரை பொறுமையாகக் கேட்டாள்.

"எழுதத் தெரியுது. அழிக்கத் தெரியலயா உனுக்கு?"

தொடர் முடிகிறவரை வாராவாரம் அந்தப் பெயர் வந்தது. நாலு நொடி அசையாமல் நின்றுவிட்டுப் போனது.